இளையதம்பி ஓவசியரின் ஒரே கட்டடம்

செய்தி சுண்ணாம்பு மூட்டையின் மேல் உட்கார்ந்து வந்தது. அக்குறணையிலிருந்து வந்து சேர்ந்த கரத்தைக்காரர் மாணிக்கம், மாட்டை அவிழ்க்கும் முன்பே தம் தலைப்பாகையை அவிழ்த்தார். கண்டிக் கடைவீதியில் ஒரு கரத்தைக்காரர் தலைப்பாகையை அவிழ்த்தால் ஒன்று மழை, இல்லாவிட்டால் மரணம். நான் வானத்தைப் பார்த்தேன். வெயில் பளீரென்று அடித்துக்கொண்டிருந்தது.

“மாமா, நம்ம ஓவசியர் ஐயா போயிட்டாருங்க. யூசுப் நானா ஸ்டோர் தாழ்வாரத்துல, சாய்மனைக் கதிரையில படுத்தபடியே. மடியில அந்தப் பெரிய புஸ்தகம். நேத்து மழைக்கு ஒதுங்கின சனங்க, ஐயா தூங்குறாருன்னு நெனச்சுக்கிட்டு, மழை விட்டதும் சத்தம் போடாம எந்திரிச்சு நடந்துட்டாங்களாம். பொறவுதான் நானா வந்து பாத்திருக்காரு.”

அப்போது நான் ஒருவருக்கு ஆணி நிறுத்துக்கொண்டிருந்தேன். நிறுத்தேனா, அள்ளிக் கொட்டினேனா என்று எனக்கு நினைவில்லை. வாங்க வந்தவர் நல்ல மனிதர். மாலையில் கூடுதலாகப் போன ஆணிகளைத் திருப்பிக் கொண்டுவந்து மேசையில் வைத்துவிட்டுப் போனார். ஆணிக்கடை வரலாற்றில் இப்படி ஒரு சம்பவம் இதற்கு முன் நடந்ததில்லை. இனி நடக்கப்போவதும் இல்லை.

அவரை அறிந்த அன்பர்களே, உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். அழுவதற்கு அல்ல. அந்த மனிதர் சாகும்போதுகூட யாருக்கும் தொந்தரவு கொடுக்கவில்லை. நாம் அழுது அவருக்குத் தொந்தரவு கொடுப்பது முறையல்ல.

உலகத்தில் பெரிய பெரிய சாம்ராச்சியங்கள் இருந்ததாகச் சொல்கிறார்கள். அவற்றோடு என் ஆணிக்கடையையும் சேர்த்துக்கொள்ளலாம். அதன் சிம்மாசனம் வாசலோரத்து வெற்று ஆணிப் பீப்பா. அதில் அமர்ந்து ஆட்சி செய்தவர் நான் அல்ல. ரோட்டு இலாகாவில் வேலைகளை மேற்பார்க்கும் ஓவசியராக இருந்த இளையதம்பி. யாழ்ப்பாணத்திலிருந்து வேலைக்காகக் கண்டிக்கு வந்தவர். என்னைவிட மூத்தவர். ஆனாலும் கடைவீதி முழுவதும் என்னை மாமா என்று அழைத்ததால் அவரும் மாமா என்றே அழைத்தார். நான் அவரை ஓவசியர் என்று அழைத்தேன். அவரைப் பெற்ற தாயும் அப்படித்தான் அழைத்திருப்பார் என்று நம்புகிறேன்.

அவர் கண்ணுக்கு எதுவும் நேராக நிற்பதில்லை. என் மகளின் கலியாணத்தில் மாப்பிள்ளை தாலியைக் கையில் எடுத்துவிட்டார். எல்லாரும் அட்சதையை ஓங்கிக்கொண்டு நிற்கிறோம். “ஐயரே, கொஞ்சம் பொறுங்கோ,” என்று ஒரு குரல். ஓவசியர் எழுந்து போய்ப் பந்தலின் வடக்கு மூலையைப் பிடித்தார். “உது ஒரு விரல் சரிஞ்சு நிக்குது. உப்பிடி ஒரு பந்தலுக்குக் கீழ எப்பிடித் தாலி கட்டுறது?” ஒரு கல்லை ஆப்பாகச் செருகி, எட்ட நின்று ஒற்றைக் கண்ணால் பார்த்து, “இப்ப கட்டலாம்,” என்று உத்தரவு கொடுத்த பிறகுதான் மேளம் கொட்டியது. அந்தத் தம்பதி இன்றுவரை சண்டை சச்சரவின்றி வாழ்வதற்குச் சாதகப் பொருத்தம் காரணம் என்பது என் மனைவியின் கட்சி. கல் ஆப்புதான் காரணம் என்பது ஓவசியரின் கட்சி. நான் சாப்பாட்டுக்கு வீட்டுக்குப் போகிறவன். ஆகவே மனைவியின் கட்சி.

புத்தகங்கள் அவரிடம் வந்து சேர்ந்த கதை உங்களில் பலருக்குத் தெரியாது. மலைப்பக்கத்துக் காப்பித் தோட்டத்துத் துரை ஒருவர் தோட்டத்தை விட்டுச் சீமைக்குப் புறப்பட்டார். அவருடைய சாமான்கள் கண்டியில் ஏலத்துக்கு வந்தன. துப்பாக்கிக்கு அடிதடி. குதிரைச் சேணத்துக்கு அடிதடி. பாதி குடித்த பிராந்திப் போத்தலுக்கு இரண்டு கனவான்கள் சட்டையைப் பிடித்துக்கொண்டார்கள். ஒரு மூலையில் மூன்று தடித்த புத்தகங்கள் கேட்பாரற்றுக் கிடந்தன. ஏலக்காரர் அவற்றைத் தூக்கிக் காட்ட முயன்று, முடியாமல், காலால் தள்ளிக் காட்டினார். ஓவசியர் ஒருவர்தான் கை உயர்த்தினார். எதிர்த்துக் கேட்க ஆளில்லை. அந்தப் புத்தகங்களைக் கண்டி வாவிக் கரையில் ஒரே பக்கமாக வைத்தால் வாவி அந்தப் பக்கம் சரிந்துவிடும். அவற்றை மார்போடு அணைத்துக்கொண்டு, யாரையும் தொடவிடாமல், நேராக என் கடைக்கு வந்து பீப்பாவில் உட்கார்ந்தார். பிள்ளைப்பேறு முடிந்த வீட்டில் தகப்பனுக்கு இருக்கும் முகம் அவருக்கு.

மூன்றும் உலகத்துப் பெரிய கட்டடக்காரர்களைப் பற்றியவை. ஒவ்வோர் அத்தியாயத்தின் தொடக்கத்திலும் தாடியோடு ஒருவர் படம். பிறகு அவர் கட்டிய கோயில், மாளிகை, பாலம். பிறகு அவர் ஏன் அப்படிக் கட்டினார் என்ற விளக்கம். ஓவசியருக்கு முக்கியமானது அந்த ‘ஏன்’ மட்டும்தான். பிற்பகலில் வேலை முடிந்து வந்து உட்கார்ந்து, ஒரு வரியை ஆங்கிலத்தில் உரக்கப் படித்து, அதையே தமிழில் எங்களுக்குச் சொல்வார். அந்தப் பெரியவர்களின் பெயர்களை எங்கள் நாக்குகள் ஏற்க மறுத்தன. ஆகவே கடைவீதியே கூடி அவர்களுக்குப் பெயர் சூட்டியது. எல்லாவற்றையும் வட்டமாகக் கட்டியவர் வட்டக்காரர். சுவரைவிடச் சன்னலை நேசித்தவர் வெளிச்சக்காரர். ஏறுகிறவனுக்கு மூச்சு வாங்காமல் மேலே கொண்டுபோய்ச் சேர்த்தவர் படிக்கட்டுக்காரர். இரண்டே மாதத்தில் எங்கள் கடைவீதியில் மாடு கட்டுகிறவர்கள்கூட வட்டக்காரர் கட்சி, வெளிச்சக்காரர் கட்சி என்று பிரிந்து நின்று வாதாடினார்கள்.

நான் எந்தக் கட்சியிலும் சேரவில்லை. குறுக்குக் கேள்வி கேட்பதே என் தொழில்.

“அது சரி ஓவசியர், வட்டமான வீட்டுல அலுமாரியை எங்க வைக்கிறது?”

“அந்த மனிசன் அலுமாரிக்கு வீடு கட்டேல்லை, மாமா. ஆகாயத்துக்குக் கட்டினவர்.”

“ஆகாயம் வாடகை குடுக்குமா?”

“நீர் ஆணி வித்தே அழியப் போறீர்.” புத்தகத்தை மடக்கினார். பிறகு மனம் பொறுக்காமல் திரும்பத் திறந்தார். “கட்டடம் எண்டால் கல்லும் சுண்ணாம்பும் இல்லை, மாமா. முதலிலை ஒரு யோசினை. அந்த யோசினை மழையிலை நனையாமல் இருக்கத்தான் மேல கூரை போடுறது.”

இதைச் சொன்ன மனிதரின் துக்கம் என்ன என்று அப்போது எங்களுக்குத் தெரியாது. ஒருநாள் அவரே சொன்னார். மகாவலியிலிருந்து மாத்தளை வரை, தண்ணீர் ரோட்டைக் கடக்கும் இடங்களில் எல்லாம் அவர் கட்டிய மதகுகள் இருந்தன. பாலங்களுக்குக் கைபிடிச் சுவர் கட்டியிருந்தார். சுங்கச் சாவடி கட்டியிருந்தார். ஒன்றுகூட விழவில்லை. ஆனால் எல்லாம் இஞ்சினியர் துரை போட்டுக் கொடுத்த படம்.

“இவ்வளவு காலமும் நான் கட்டினது மற்றவையின்ர யோசினை,” என்றார். “என்ர யோசினை எண்டு ஒண்டு நிலத்திலை நிக்க வேணும், மாமா. கோயிலும் வேண்டாம், மாளிகையும் வேண்டாம். ஒரேயொரு கட்டடம். அதைப் பார்த்திட்டுப் போனால் போதும்.”

நான் ஏதாவது குறும்பாகச் சொல்ல வாயைத் திறந்தேன். அவர் முகத்தைப் பார்த்துவிட்டு, திறந்த வாயில் வெற்றிலையைப் போட்டு மூடிக்கொண்டேன்.

அந்த ஒரேயொரு கட்டடத்தைத் தரப் பிறந்தவர் அக்குறணை யூசுப் நானா. ஊர்க்காரர்களிடம் காப்பி வாங்கிக் காயவைத்து, கரத்தையில் கொழும்புக்கு அனுப்பும் வியாபாரி. தாராள மனசு, அதைவிடத் தாராளமான குரல். மாத்தளை ரோட்டோரம் இருந்த தம் நிலத்தில் ஒரு காப்பி ஸ்டோர் கட்ட நினைத்து, ஆணி விசாரிக்க என் கடைக்கு வந்தவர், பீப்பாவில் இருந்த ஓவசியரிடம் மாட்டிக்கொண்டார்.

“எனக்கு ஒரே ஒரு ஆசைதான் ஈக்குது, ஓவசியர்,” என்றார் நானா. “பிலிமத்தலாவை முதலாளி தன்ட ஸ்டோருக்கு முன்னுக்கு நாலு தூண் வச்சீக்கிறார். எனக்கு அதவிடக் கூட வேணும்.”

“தூண் என்னத்துக்கு?”

“எனத்தியன் கேள்வி இது? ரோட்டால போறவன் பாக்குறதுக்குத்தான்.”

ஓவசியர் எழுந்தார். என் மேசையில் இருந்த ஆணிகளை அள்ளி, காயப்போட்ட காப்பிபோலப் பரப்பினார். கணக்குப் புத்தகத்தை நிமிர்த்தி ஸ்டோர்போல நிறுத்தினார். பிறகு நான் குடிக்க வைத்திருந்த தண்ணீர்ச் செம்பை எடுத்து, எல்லாவற்றின் மேலும் ஊற்றினார்.

“ஐயோ ஓவசியர்!” என்றேன்.

“இது மழை,” என்றார் அவர், என்னைத் திரும்பியும் பாராமல். “நானா, வெயில் நேரத்திலை களத்திலை காப்பி காயுது. திடீரெண்டு கறுக்குது. உம்மட ஆக்கள் கூட்டி அள்ளிக்கொண்டு ஓடிப்போய் ஒரு சின்னக் கதவாலை உள்ள போகிறதுக்குள்ள பாதி நனைஞ்சு போகும். ஓமோ, இல்லையோ?”

“ஓ, அது நெசம்தான்.”

“நான் கட்டுற ஸ்டோர் களத்தைப் பார்த்து நிக்கும். கதவெல்லாம் களத்துப் பக்கம். அதுக்கு மேல நல்ல அகலமான தாழ்வாரம். முதல் துளி விழ, தாழ்வாரத்துக்குள்ள தள்ளினால் சரி. இரண்டாம் துளிக்குக் காப்பி ஆப்பிடாது. மழைக்கு முந்துற கட்டடம்! றோட்டுப் பக்கம் வெறுஞ்சுவர் போதும். றோட்டிலை என்ன கிடக்கு? தூசியும் கள்ளரும்தானே. அதுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு இருக்கட்டும்.”

நானா நனைந்த ஆணிகளை வெகுநேரம் பார்த்தார். தூண்களை மனத்துக்குள் அடக்கம் செய்கிற பார்வை அது. “சரி, கட்டுங்கோ,” என்றார். அந்த ஆணிகள் மறுவாரமே துருப்பிடித்தன. ‘பழமை வாய்ந்த ஆணி’ என்று சொல்லி விற்றேன். நல்ல பெயர்.

ஓவசியர் அந்தப் படத்தைப் போட எடுத்துக்கொண்ட காலத்தில் சிலர் ஒரு ராச்சியத்தையே பிடித்திருப்பார்கள். மழையில் கெட்டுப்போகாமல் இருக்க எண்ணெய் ஊட்டிய மெல்லிய துணியில் மையால் வரைவது அவர் வழக்கம். கண்ணாடி மாதிரித் துணி. எந்தப் பக்கம் பார்த்தாலும் கோடுகள் ஒரே கறுப்பாகத் தெரியும். அதில் ஓர் எழுத்துக்கூட இல்லை. ரோட்டு இது, களம் இது என்றுகூட எழுதவில்லை.

படத்தை வாங்க வந்தவர் சுடலைமுத்து கொத்தனார். திருநெல்வேலிப் பக்கத்து மனிதர். கல்லைத் தட்டிப் பார்த்தே அதன் வயதைச் சொல்வார். ஓவசியர் என் கடையில் நின்று துணியை விரித்துப் பிடித்தார். “இந்தா, இந்த இடக்கைப் பக்கம் றோட்டு. இந்த வலக்கைப் பக்கம் களம். விளங்கிச்சோ?”

“வெளங்கிருச்சுங்க. இடது ரோடு, வலது களம்.”

“ஓவசியர், ஒரு வார்த்தை எழுதிக் குடுத்துருங்களேன்,” என்றேன் நான்.

மூன்று புத்தகங்களில் இருந்த அத்தனை தாடிக்காரர்களும் சேர்ந்து என்னைப் பார்த்ததுபோல ஒரு பார்வை பார்த்தார். “அவையள் ஆரும் எழுதினவையோ? நல்ல படத்துக்கு வாய் வேண்டாம், மாமா.”

அடுத்த வாரம் அவர் காய்ச்சலில் விழுந்தார். கட்டுக்கஸ்தோட்டையில் அவர் வீட்டுக் கட்டில் ஆடிய ஆட்டத்தில் பக்கத்து வீட்டுச் சட்டி பானைகள் உருண்டன. யூசுப் நானா கரத்தைகளோடு கொழும்புக்குப் போய், விலை படியாமல் அங்கேயே தங்கிவிட்டார். கொத்தனார் மட்டும் அக்குறணையில் இடது ரோடு, வலது களம் என்று சொல்லிக்கொண்டே கட்டினார். களம் இன்னும் போடப்படவில்லை. நிலத்தின் இரண்டு பக்கமும் ஒரே புல்தான்.

கட்டடம் முடிந்துவிட்டது, நானாவும் திரும்பி வருகிறார் என்று சேதி வந்த அன்று ஓவசியர் கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டு என் கடைக்கு வந்தார். காய்ச்சலில் பாதியாகிப்போன உடம்பு. கோட்டுக்குள் இன்னொருவரும் இருக்க இடம் இருந்தது. கையில் முதலாம் புத்தகம். “வெளிக்கிடும், மாமா. என்ர யோசினையைப் பார்ப்பம்.” வாடகைக்கு ஒரு கரத்தை பிடித்தோம். வழிநெடுக அவர் புத்தகத்தின் அட்டையைத் தடவிக்கொண்டே வந்தார்.

வெறுஞ்சுவர் தெரியவேண்டிய இடத்துக்கு வந்தோம். வரிசையாகப் பெரிய கதவுகள் தெரிந்தன. அவற்றுக்கு மேல், ஒரு கலியாணக் கூட்டத்தையே உட்கார வைக்கும் அளவுக்கு அகலமான தாழ்வாரம் ரோட்டை நோக்கிக் கவிந்து நின்றது.

ஓவசியர் கரத்தையை நிறுத்தச் சொன்னார். கொஞ்ச நேரம் பார்த்தார்.

“மாமா,” என்றார் மெதுவாக, “நாங்கள் எந்தப் பக்கத்தாலை வந்தனாங்கள்?”

“கண்டிப் பக்கமாத்தான், ஓவசியர்.”

அவர் இறங்கி, கட்டடத்தைச் சுற்றிப் பின்பக்கம் போனார். அங்கே, புதிதாகப் போட்டிருந்த களத்தைப் பார்த்தபடி, வெறுஞ்சுவர். கொத்தனார் ஓடிவந்து துணியை விரித்தார். “நீங்க சொன்ன மாதிரியே, இடது ரோடு, வலது களம்ங்க. இம்மி பெசகல.” உண்மை. ஓர் இம்மி பிசகவில்லை. துணியை மட்டும் மறுபக்கமாகப் பிடித்திருந்தார். எது முகம், எது முதுகு என்று சொல்ல அதில் ஓர் எழுத்து இல்லை.

சரியாக அந்த நேரத்தில் யூசுப் நானா கொழும்பிலிருந்து வந்து இறங்கினார். அவர் குரல் மாத்தளையில் கேட்டிருக்கும். “எனத்தியன் ஓவசியர் இது? களத்துல ஈக்க வேண்டிய கதவெல்லாம் ரோட்டுல ஈக்குது! என்ட காப்பி எல்லாம் ஊரச் சுத்திப் போய் உள்ளுக்குப் போறதா? மழைக்கு முந்துற கட்டடம் எண்டீங்க. இது மழைக்கு விருந்து வைக்கிற கட்டடம்!”

ஓவசியர் ஒரு சாக்கும் சொல்லவில்லை. கொத்தனாரையும் குறை சொல்லவில்லை. “படம் என்ர பிழை,” என்றார். பிறகு கட்டடத்தைப் பார்க்காமல் சொன்னார்: “இடிச்சுப் போடு, கொத்தனார். தாழ்வாரத்திலை தொடங்கு.”

“முழுசாவா, ஐயா?”

“முழுக்க. பிழையான யோசினை ஒண்டு என்ர பேரிலை நிக்கிறதைவிட, ஒண்டும் இல்லாமல் இருக்கலாம்.”

வாழ்நாள் முழுவதும் ஒரேயொரு கட்டடத்துக்காகக் காத்திருந்த மனிதர் அவர். அதை அவரே இடிக்கச் சொல்கிறார். எனக்குத் தெரிந்த குறும்புகள் எல்லாம் என்னைக் கைவிட்ட நேரம் அது ஒன்றுதான். கொத்தனார் அலவாங்குக் கம்பியை எடுத்துக்கொண்டு தாழ்வாரத்தின் முதல் தூணருகே போனார்.

அப்போது மழை வந்தது.

அக்குறணை மழையைப் பற்றி நான் மிகைப்படுத்த வேண்டியதில்லை. அது தன்னைத் தானே மிகைப்படுத்திக்கொள்ளும். ஓவசியர், நானா, நான், கொத்தனார், கரத்தைக்காரர் எல்லாரும் தாழ்வாரத்துக்குள் ஓடினோம். இடிக்க வந்தவர்களுக்கும் ஒதுங்க வேறு இடம் இல்லை. மழைக்குள்ளிருந்து, வடக்குப் பக்கத்து வளைவில், ஆட்கள் தெரிந்தார்கள். தென்னிந்தியாவிலிருந்து வந்து, கரையில் கப்பல் இறங்கி, காட்டுவழியாக நடந்து, மாத்தளையைத் தாண்டி, காப்பித் தோட்டங்களுக்குப் போகிற கூட்டம். தலையில் மூட்டை, இடுப்பில் பிள்ளை. முன்னால் ஒரு கங்காணி. காய்ச்சலில் தள்ளாடிய ஒரு பெண்ணை இருவர் தாங்கி வந்தார்கள். தாழ்வாரத்தின் விளிம்பில், இன்னும் மழைக்குள்ளேயே, நின்றுவிட்டார்கள்.

கோட்டும் புத்தகமுமாக நின்ற ஓவசியரைத்தான் கட்டடத்துக்குச் சொந்தக்காரர் என்று கங்காணி நினைத்திருக்க வேண்டும்.

“சாமி, செத்த நேரம் இங்கிட்டு ஒதுங்கிக்கலாங்களா? நாங்க வந்த வழியில ஒரு கூரைகூட எங்களப் பாத்து நிக்கல. எல்லாம் முதுகத்தான் காட்டுது.”

கொத்தனாரின் கையில் அலவாங்கு. நானா ஓவசியரைப் பார்த்தார். நான் நானாவைப் பார்த்தேன். கூரையில் மழை இரைந்தது.

“வாங்கோ,” என்றார் ஓவசியர். தள்ளி நின்று வழிவிட்டார். “உள்ளுக்கு வாங்கோ. இதுக்குத்தான் கட்டினது.”

அவர்கள் வந்தார்கள். வந்துகொண்டே இருந்தார்கள். ஒரு தாய் பிள்ளைக்குத் தூளி கட்டச் சேலையை மேலே வீசினாள். “அதிலை வேண்டாம் பிள்ளை, இந்த மரத்திலை கட்டும். இது பாரம் தாங்கும்,” என்று ஓவசியர் போய்க் கை நீட்டிக் காட்டினார். அந்த மரம் எவ்வளவு தாங்கும் என்று அவருக்குத் தெரியும். காப்பி மூட்டைக்காகக் கணக்குப் பார்த்துப் போட்ட மரம். இப்போது அதில் ஒரு பிள்ளை ஆடியது. யூசுப் நானா கோபத்தில் சிவந்த முகத்தோடு அங்கும் இங்கும் நடந்தார். காய்ச்சல்காரப் பெண் ஈரத்தரையில் சாய்வதைப் பார்த்தார். அவ்வளவுதான். “எனத்தியன் எல்லாரும் பாத்துட்டு நிக்கிறீங்க? உள்ளுக்கு ஈக்கிற சாக்க எடுத்து விரிங்க! யாராவது போய் வீட்டுல கஞ்சி வைக்கச் சொல்லுங்க!” என்று சத்தம் போட்டார். அதே குரல்தான். ஆனால் இந்த முறை அது மாத்தளை வரை போகவில்லை. எங்களிடமே நின்றது.

மழை வெறிக்கும் நேரம் நானா தாழ்வாரத்தின் தூண்களை ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டு போவதைக் கண்டேன். அந்த அகலத்தைத் தாங்க ஓவசியர் பத்துத் தூண் போட்டிருந்தார். களத்துப் பக்கம் மறைந்து நின்றிருக்க வேண்டியவை. இப்போது அத்தனையும் ரோட்டைப் பார்த்து நின்றன.

“மாமா,” என்று என் காதருகே வந்தார். “பிலிமத்தலாவையில நாலுதானே?”

“நாலே நாலு, நானா.”

“கொத்தனார்! அலவாங்க இங்கால கொண்டு வாங்கோ. பின்னுக்கு ஈக்கிற சுவர ஒரு கதவுக்கு மட்டும் ஒடைச்சாப் போதும்.”

திரும்பும் வழியில் என்னால் பொறுக்க முடியவில்லை. “ஏன் ஓவசியர், இதுக்குத்தான் கட்டினதோ?”

அவர் மடியில் இருந்த புத்தகத்தைப் பார்த்தார். முதலில் தோள் குலுங்கியது. பிறகு கோட்டு குலுங்கியது. பிறகு கரத்தையே குலுங்கும்படி சிரித்தார். “இஞ்ச பாரும், மாமா. உந்தப் பெரியாக்கள் முதலிலை யோசிச்சு, பிறகு கட்டினவை எண்டெல்லோ நான் இவ்வளவு நாளும் நினைச்சன். இல்லை. அவையளும் துணியைத் திருப்பித்தான் பிடிச்சிருப்பினம். கட்டி முடிஞ்ச பிறகு ஆரோ ஒருத்தர் மழையிலை ஒதுங்கியிருப்பார். யோசினை அப்பதான் வந்து சேர்ந்திருக்கும்.”

அதன்பிறகு அவர் அந்தப் புத்தகங்களைப் படித்த விதமே மாறிவிட்டது. முன்பு ஒவ்வோர் அத்தியாயத்துக்கும் பெருமூச்சு விடுவார். இப்போது படத்தில் இருக்கும் தாடிக்காரரைத் தோளில் தட்டுகிறவர்போலச் சிரிப்பார். “இவரும் எங்கட ஆள்தான்,” என்பார். ஓவசியர் வேலையிலிருந்து ஓய்ந்ததும் நானா தம் ஸ்டோரிலேயே ஓர் அறை ஒழித்துக் கொடுத்தார். தாழ்வாரத்தில் சாய்மனைக் கதிரையைப் போட்டு, வருகிற போகிறவர்களுக்கு நல்ல மரம் எது, ஒழுகாத மூலை எது என்று சொல்லிக்கொண்டு ராசாபோல வாழ்ந்தார். நான் அறிந்த மனிதர்களில் தம் ஆசைக்குள்ளேயே குடியிருந்தவர் அவர் ஒருவர்தான்.

சமீபத்தில் காப்பி இலைகளில் செம்புள்ளி விழுகிறது என்று நானா கவலைப்பட்டார். காப்பி போய்விட்டால் இந்த ஸ்டோர் எதற்கு என்று கேட்டார். “காப்பி போனாலும் மழை போகாது, நானா,” என்றாராம் ஓவசியர். அவர் சொன்னதாக எனக்குக் கிடைத்த கடைசிச் சொல் அதுதான்.

ஆற்றோரத்தில் தகனம் நடந்தது. பாடையை எடுக்கும் முன் சுடலைமுத்து கொத்தனார் மடியிலிருந்து தூக்குக்குண்டை எடுத்து, பாடைக் கழி சரிந்து நிற்கிறதா என்று பிடித்துப் பார்த்தார். கூட்டம் திகைத்தது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. யூசுப் நானாவும் சிரித்தார், தாடியில் கண்ணீரோடு. பிறகு எல்லாரும். “நேரா இருக்குங்க,” என்றார் கொத்தனார். அதன்பிறகுதான் தூக்கினோம்.

புத்தகங்கள் மூன்றையும் நானா என்னிடம் கொடுத்துவிட்டார். எனக்கு ஆங்கிலம் தெரியாது. தாடிகளை மட்டும் பார்க்கிறேன். பீப்பாவை அதே இடத்தில் வைத்திருந்தேன். அதில் யாரையும் உட்கார விடவில்லை. உட்கார வந்தவர்களிடம் ஆணி குத்தும் என்று பொய் சொன்னேன். அது அவருக்குச் செய்யும் மரியாதை என்பது என் எண்ணம்.

நேற்றுப் பிற்பகல் மழை. நிறைமாதக்காரி ஒருத்தி நனைந்தபடி கடை வாசலில் வந்து நின்றாள். உள்ளே வரத் தயக்கம். பீப்பாவைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். “மாமா, கொஞ்சம் உக்காந்துக்கலாங்களா?”

அது ஆணிக்காகச் செய்த பீப்பா. அதில் ஒரு ஓவசியர் உட்கார்ந்தார். அதற்கு மேல் அதற்கு ஒரு யோசனை இருக்க முடியாது என்று நான் முடிவு கட்டியிருந்தேன். ஓவசியரிடமிருந்து எனக்கு மிஞ்சியது புத்தகமல்ல, பீப்பாவுமல்ல, இரண்டு சொற்கள்தான் என்று நேற்று அறிந்தேன். தோளில் கிடந்த துண்டால் பீப்பாவைத் துடைத்தேன்.

“உக்காரும்மா,” என்றேன். “இதுக்குத்தான் செஞ்சு வச்சிருக்கு.”